விலாசதாரர் போய்விட்டார்

(உடன்பிறந்தோர் இருவர், 9-ஆம் வகுப்பு மற்றும் 11-ஆம் வகுப்பு)



‘வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்’ என்றார்கள் நம் பெரியோர். ‘வீட்டை மாற்றிப்பார்’ என்பதையும் அவர்கள் சேர்த்துச் சொல்லியிருக்கலாம். இது நாங்கள் பட்டறிந்த உண்மை.

2024-ஆம் ஆண்டு மே மாதம், கோடை விடுமுறையில், திருவூடல் தெருவில் நாங்கள் பல ஆண்டுகள் குடியிருந்த வாடகை வீட்டைக் காலி செய்துகொண்டு வெங்கிக்காலுக்குக் குடிபெயர்ந்தோம். அப்பா ஒரு குட்டியானை வண்டியைப் பேசி அழைத்து வந்தார். அம்மியும் குழவியும் ஏறின. பாட்டியின் துளசித் தொட்டி ஏறியது. உடைந்த முக்காலிகூட, ‘இருக்கட்டும், எதற்காவது உதவும்’ என்று ஏறிற்று. எதையும் மறக்கவில்லை என்று நாங்கள் பெருமைப்பட்டுக் கொண்டோம். ஆனால் ஒன்றை மறந்துவிட்டோம். எங்கள் விலாசத்தைப் பழைய வீட்டிலேயே விட்டுவிட்டோம்.

விலாசம் என்பது சாமானைப் போல நம்மோடு வண்டி ஏறி வருவதன்று. அதை நாம்தான் எடுத்து வரவேண்டும். இதை அப்பா எங்களுக்கு நினைவூட்டாமல் இல்லை. “போஸ்ட் ஆபீசுக்கு ஒரு லெட்டர் எழுதிக் கொடுத்துடுங்கம்மா. நமக்கு வர்ற தபாலை எல்லாம் புது வீட்டுக்குத் திருப்பி அனுப்புவாங்க” என்று சொல்லி, அந்தப் பொறுப்பை எங்கள் இருவரிடமும் ஒப்படைத்தார். நாங்களும் கோடு போட்ட தாளில், அழகான கையெழுத்தில், ‘மதிப்பிற்குரிய ஐயா’ என்று தொடங்கி ஒரு விண்ணப்பம் எழுதினோம். அதை மடித்து எங்களில் இளையவளின் அறிவியல் நோட்டுக்குள் வைத்தோம். நாளைக்குக் கொடுக்கலாம் என்றிருந்தோம். நாளை என்பது நாளையே ஆயிற்று. பள்ளி திறந்தது. காலாண்டுத் தேர்வு வந்தது, போயிற்று. கார்த்திகை தீபமும் வந்தது, போயிற்று. விண்ணப்பம் நோட்டுக்குள்ளேயே இருந்தது.

இவ்விடத்தில் எங்கள் பாட்டியைப் பற்றிச் சொல்ல வேண்டும். பாட்டி சிறுமியாக இருந்தபோது கடலூரில் கன்னியர் நடத்திய பள்ளியொன்றில், விடுதியில் தங்கிப் படித்தவர். அங்கே அவருடைய பாய்க்குப் பக்கத்துப் பாய் ஒரு கத்தோலிக்கச் சிறுமியுடையது. அந்தச் சிறுமி பிற்காலத்தில் தூத்துக்குடியில் வாழ்க்கைப்பட்டார். நாங்கள் அவரைத் ‘தூத்துக்குடிப் பாட்டி’ என்றே அழைப்போம், நேரில் கண்டதில்லை. ஆண்டுதோறும் கிறிஸ்துமஸுக்கு அவரிடமிருந்து ஒரு கடிதம் வரும். பொங்கலுக்கு எங்கள் பாட்டி பதில் எழுதுவார். இருவருக்கும் காது மந்தம். கைபேசியில் பேசினால் “ஆங்? ஆங்?” என்பதைத் தவிர வேறொன்றும் நடவாது. ஆகவே இந்தக் காலத்திலும் அந்த நட்பு தபாலை நம்பியே வாழ்ந்து வந்தது.

2024 டிசம்பரில் தூத்துக்குடிக் கடிதம் வரவில்லை. பாட்டி நாள்தோறும் வாசலில் நாற்காலி போட்டு அமர்ந்திருப்பார். கிறிஸ்துமஸ் முடிந்தது; புத்தாண்டும் பிறந்தது. “மறந்துட்டா போல” என்றார் ஒரு நாள். மறுநாள், “உடம்புக்கு என்னவோ, தெரியலியே” என்றார். அந்த ஆண்டு பொங்கலுக்கு அவர் கடிதம் எழுதவில்லை. “அவ போடட்டும், அப்புறம் நான் போடறேன்” என்று முகத்தைத் திருப்பிக் கொண்டார். எங்களுக்கு அது வேடிக்கையாகத்தான் இருந்தது. அதற்குக் காரணம் நாங்களே என்பது எங்கள் புத்திக்கு எட்டவில்லை.

பொங்கல் விடுமுறை முடிந்து பள்ளி திறந்த வாரம். தலைமையாசிரியை சிஸ்டர் எங்கள் இருவரையும் அலுவலகத்திற்கு வரும்படி ஆளனுப்பினார். நெஞ்சு படபடக்கச் சென்றோம். சிஸ்டர் எங்களை அமரச் சொன்னார். அதுவே எங்களுக்குப் பெரிய அதிர்ச்சி. பிறகு மிக இரக்கமான குரலில், “பாட்டி இறந்ததை ஏம்மா எங்ககிட்டச் சொல்லவே இல்லை?” என்று கேட்டார்.

நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். “சிஸ்டர், காலையில பாட்டிதான் எங்களுக்குச் சடை பின்னிவிட்டாங்க” என்றாள் எங்களில் இளையவள்.

சிஸ்டர் சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு ஒரு கடிதத்தை எங்களிடம் நீட்டினார். உறையின் மேல் எங்கள் பெயர்களும் பள்ளியின் பெயரும், ‘மதர் அவர்கள் மூலமாக’ என்ற குறிப்பும் இருந்தன. அனுப்பியவர் தூத்துக்குடிப் பாட்டி. நாங்கள் எந்தப் பள்ளியில் படிக்கிறோம் என்பதைப் பாட்டி முன்னொரு கடிதத்தில் பெருமையோடு எழுதியிருக்கிறார். அந்த ஒரு நூலைப் பிடித்துக்கொண்டு அவர் எங்களைத் தேடியிருக்கிறார்.

கடிதத்தில் இருந்ததன் சாரம் இது. கிறிஸ்துமஸுக்கு அவர் போட்ட கடிதம் திரும்பி வந்துவிட்டது. உறையின் மேல் யாரோ பேனாவால் ‘விலாசதாரர் போய்விட்டார்’ என்று எழுதியிருந்தார்கள். அதைப் பார்த்த அன்று அவர் சாப்பிடவில்லை. பங்குச் சாமியாரிடம் சென்று சிநேகிதியின் ஆன்ம இளைப்பாற்றிக்காக ஒரு பூசை வைக்கச் சொன்னார். “அவள் இந்து, சாமி. பூசையில் பேர் வாசிக்கலாமா?” என்று கேட்டாராம். “ஆண்டவருக்கு எல்லோருடைய விலாசமும் தெரியும், அம்மா” என்றாராம் சாமியார். கடைசி வரியில் எங்களைக் கேட்டிருந்தார்: “போய்விட்டாள் என்று எனக்கு ஒரு கார்டு போட உங்களுக்கு நேரமில்லாமல் போயிற்றா, பிள்ளைகளே?”

அந்த உறையில் எழுதியவர் மீது குற்றமில்லை. எங்கள் தெருவுக்கு வழக்கமாக வரும் தபால்காரருக்கு எங்களை நன்றாகத் தெரியும். அந்த மாதம் அவருக்குப் பதிலாக வேறொருவர் வந்திருக்கிறார். பழைய வீட்டில் குடியேறியவர்களைக் கேட்டிருக்கிறார். ‘அவங்க போயிட்டாங்க’ என்று அவர்கள் உள்ளதைச் சொல்லியிருக்கிறார்கள். கேட்டதை அவர் எழுதியிருக்கிறார். நம் தமிழில் ‘போய்விட்டார்’ என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் இருப்பது யார் குற்றம்? வெங்கிக்காலுக்குப் போனவரும் போய்விட்டார். விண்ணுலகம் போனவரும் போய்விட்டார். எங்கே போனார் என்ற ஒரு சொல்லை நாங்கள் கொடுத்திருந்தால் அந்த முதியவர் பட்டினி கிடந்திருக்க வேண்டாம்.

அன்று மாலை பாட்டிக்குக் கடிதத்தை உரக்கப் படித்துக் காட்டினோம். முதலில் பாட்டி சிரித்தார். இருமல் வரும்வரை சிரித்தார். பிறகு பேச்சை நிறுத்திவிட்டார். சிறிது நேரம் கழித்து, “எனக்காக அழுதிருக்காளேடி. நான் இங்கே குத்துக்கல்லாட்டம் உட்கார்ந்துகிட்டு, அவ லெட்டர் போடலைன்னு கோவிச்சிக்கிட்டு இருந்தேனே” என்று சொல்லிக் கண்ணைத் துடைத்துக் கொண்டார். நாங்கள் அறிவியல் நோட்டை எடுத்து வந்து, அதனுள் இருந்த விண்ணப்பத்தை அவர் கையில் கொடுத்துத் தலைகுனிந்து நின்றோம். பாட்டி எங்களைத் திட்டவில்லை. “பேனா கொண்டா” என்றார். அன்றிரவே தம் கைப்பட எழுதினார். அதன் முதல் வரியைச் சொல்ல அவர் அனுமதி தந்திருக்கிறார்: “நான் இன்னும் போகவில்லை. வெங்கிக்காலுக்குத்தான் போயிருக்கிறேன்.”

மறுநாள் பள்ளி விட்டதும் பழைய விண்ணப்பத்தைக் கையோடு எடுத்துக்கொண்டு அஞ்சலகம் சென்றோம். முதலில் வெங்கிக்காலுக்கு உரிய அஞ்சலகத்தில்தான் கேட்டோம். அங்கிருந்தவர், “இங்கே கொடுத்து என்னம்மா பயன்? பழைய வீட்டுக்குத் தபால் கொடுக்கிற ஆபீசில் கொடுங்க” என்று திருப்பி அனுப்பினார். யோசித்தால் அது சரிதானே. பழைய விலாசமிட்ட கடிதம் பழைய அஞ்சலகத்தின் பையில்தான் வந்து இறங்கும். அதை வழிமறித்துத் திருப்பிவிட வேண்டியவர்களும் அங்கேதான் இருக்கிறார்கள். எங்களைப் போலப் பலரும் இதில் தவறுவதுண்டு என்று பிறகு அறிந்தோம்.

பழைய அஞ்சலகத்தில் கவுண்டரில் இருந்த அம்மையார் பொறுமையாக எல்லாவற்றையும் விளக்கினார். வீட்டில் யார் யார் பெயருக்குத் தபால் வருமோ அத்தனை பெயர்களையும் எழுத வேண்டும். பழைய விலாசம், புதிய விலாசம், இரண்டுக்கும் பின்கோடு, எந்தத் தேதியிலிருந்து என்ற விவரம், பெரியவர்களின் கையெழுத்து ஆகியவை இருக்க வேண்டும். அது அந்தத் தெருவின் தபால்காரருக்குத் தெரிவிக்கப்படும். அதன்பின் பழைய விலாசத்திற்கு வரும் கடிதத்தில் அவ்விலாசத்தை அடித்துவிட்டுப் புதியதை எழுதி, மறுபடியும் பையில் சேர்ப்பார்கள். ஆனால் இது என்றைக்குமான ஏற்பாடன்று. ‘நீங்கள் எல்லோருக்கும் புது விலாசத்தைத் தெரிவிக்கும்வரை நாங்கள் கைகொடுக்கிறோம்’ என்பதே இதன் பொருள். சொல்லாமல் போனவர்களின் கடிதமோ, ‘தகவல் தராமல் சென்றுவிட்டார்’ என்ற குறிப்போடு அனுப்பியவருக்கே திரும்பிவிடும்.

அனுப்பியவர் விலாசமும் உறையில் இல்லாவிட்டால்? அத்தகைய கடிதங்களுக்கென்று தனி அலுவலகம் ஒன்று உண்டு. முற்காலத்தில் அதை ‘டெட் லெட்டர் ஆபீஸ்’, அதாவது செத்த கடிதங்களின் அலுவலகம் என்றார்கள். பின்னாளில் ‘திரும்பிய கடித அலுவலகம்’ என்று பெயர் மாற்றினார்கள். அதிகாரம் பெற்ற அலுவலர் மட்டுமே அக்கடிதத்தைப் பிரித்து, உள்ளே அனுப்பியவர் விலாசம் உண்டா என்று பார்க்கலாம். தூத்துக்குடிப் பாட்டி உறையின் இடப்புறம் தம் விலாசத்தை எழுதும் பழக்கம் உடையவராதலால், அவர் கடிதம் அந்த நிலைக்குப் போகாமல் வீடு திரும்பிற்று.

விலாசத்தைப் பற்றி நாங்கள் அறிந்துகொண்ட மற்றும் சில செய்திகளைத் தோழியருக்குச் சொல்ல விரும்புகிறோம். நாம் எழுதும் ஆறு இலக்கப் பின்கோடு 1972-ஆம் ஆண்டு ஆகஸ்டு 15-ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. அதை உருவாக்கியவர் ஸ்ரீராம் பிகாஜி வேலங்கர் என்ற அஞ்சல் துறை அதிகாரி. அவர் சமஸ்கிருதக் கவிஞருமாவார். ஒரே பெயரில் பல ஊர்களும், பல மொழிகளில் எழுதப்படும் விலாசங்களும் உள்ள நம் நாட்டில், எண்களே பொதுமொழி ஆயின. முதல் இலக்கமாகிய 6 தமிழ்நாடு, கேரளம், புதுச்சேரி, இலட்சத்தீவு ஆகியவற்றைக் குறிக்கும். முதல் மூன்று இலக்கங்கள் கடிதங்களைப் பிரிக்கும் வட்டாரத்தையும், கடைசி மூன்று இலக்கங்கள் கடிதத்தைக் கொண்டு சேர்க்கும் அஞ்சலகத்தையும் காட்டும். நம் நகரம் 606601.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. நம் திருவண்ணாமலையே ஒரு முறை விலாசம் மாறிய ஊர்தான். 1989-ஆம் ஆண்டு செப்டம்பர் 30 வரையில் நாம் வட ஆற்காடு மாவட்டம். அன்று மாவட்டம் பிரிந்தது. மலையும் கோயிலும் இருந்த இடத்திலேயே இருக்க, ஊர் வேறு மாவட்டத்துக்குக் குடிபோயிற்று. அதன் பிறகும் வெளியூர் உறவினர் பலர் ‘வ.ஆ. மாவட்டம்’ என்றே எழுதி வந்ததாகப் பாட்டி சொல்வார். அவையும் தவறாமல் வந்து சேர்ந்தன. மாவட்டப் பெயர் பழையதானாலும் பின்கோடு சரியாக இருந்ததல்லவா? அஞ்சல் வழியும் மாவட்ட எல்லையும் ஒன்றல்ல. நம் மாவட்டத்தைச் சேர்ந்த ஆரணியின் எண் 632301. அது நம் 606 வரிசையில் இல்லை.

2025-ஆம் ஆண்டு மே மாதம் அஞ்சல் துறை ‘டிஜிபின்’ என்ற ஒன்றையும் அறிமுகப்படுத்தியது. ஏறக்குறைய 4 மீட்டர் நீளமும் 4 மீட்டர் அகலமும் கொண்ட ஒவ்வொரு கட்டத்திற்கும் பத்து எழுத்தும் எண்ணும் கொண்ட குறியீடு அது. நம் வீட்டுக் கூடத்துக்கே தனி எண் வந்துவிட்டது என்று அப்பா வியந்தார். ஆனால் எவ்வளவு நுட்பமான எண்ணும் இடத்தைத்தான் காட்டும். அந்த இடத்தில் இருந்தவர் எழுந்து போய்விட்டால் எங்கே போனார் என்பதை எந்த எண்ணும் சொல்லாது. அதை நாம்தான் வாய்திறந்து சொல்ல வேண்டும்.

அயல்நாடுகளிலும் இந்தக் கடமை உண்டு. பிரிட்டனில் வீடு மாறுவோர் கட்டணம் செலுத்தி 3, 6 அல்லது 12 மாதங்களுக்குத் தங்கள் தபாலைத் திருப்பிவிடச் செய்துகொள்கிறார்கள். அமெரிக்காவில் முதல் வகுப்புக் கடிதங்களை 12 மாதங்கள்வரை புது விலாசத்திற்கு அனுப்பித் தருகிறார்கள். எந்த நாடானாலும் முதலில் சொல்ல வேண்டியவர் வீடு மாறியவரே.

சொல்லாமல் வந்த ஒருவரின் கதை நம் ஊரிலேயே உண்டு. அடுத்த பௌர்ணமியன்று பாட்டியோடு கிரிவலம் சென்றபோது, செங்கம் சாலையில் ரமணாசிரமத்தின் அருகில் சற்று உட்கார்ந்தோம். அப்போது பாட்டி அதைச் சொன்னார். 1896-ஆம் ஆண்டு ஆகஸ்டு 29. மதுரையில் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த வேங்கடராமன் என்ற 16 வயதுப் பையன், அண்ணனுடைய கல்லூரிச் சம்பளத்துக்காக இருந்த 5 ரூபாயில் 3 ரூபாயை மட்டும் எடுத்துக்கொண்டு, மீதி 2 ரூபாயோடு ஒரு சீட்டை எழுதி வைத்துவிட்டுப் புறப்பட்டான். சீட்டில் கையெழுத்து இல்லை. போகும் ஊரின் பெயரும் இல்லை. செப்டம்பர் 1-ஆம் நாள் திருவண்ணாமலை வந்து சேர்ந்தான். அவனே பின்னாளில் ரமண மகரிஷி என்று உலகம் அறிந்தவர்.

“அவருக்கு எங்கே இருக்கோம்னு தெரியும். பெத்தவளுக்குத் தெரியலியே” என்றார் பாட்டி. பையன் இங்கிருக்கும் செய்தி வீட்டாருக்கு எட்டச் சுமார் 2 ஆண்டுகள் ஆயின. 1898-இல் முதலில் சித்தப்பா வந்து பார்த்தார். அவ்வாண்டு டிசம்பரில் தாய் அழகம்மாள் பவழக்குன்றுக்கு வந்து மகனைக் கண்டார். திரும்பி வரும்படி அழுது கேட்டும் மகன் செல்லவில்லை. 1916-இல் தாயே இங்கு வந்து மகனோடு தங்கினார். 1922-இல் இங்கேயே காலமானார். அவருடைய சமாதியைச் சுற்றித்தான் ஆசிரமம் எழுந்தது. ஒரு ஊர்ப் பெயரைக்கூட எழுதி வைக்காமல் வந்தவரின் பெயரால் இன்று ஓர் அஞ்சலகமே இருக்கிறது. அதன் எண் 606603. “அவர் எல்லாத்தையும் விட்டுட்டு வந்தவர். விலாசத்தையும் விட்டார். நாம என்னத்தை விட்டோம்? உடைஞ்ச முக்காலியைக்கூட விடலை” என்று பாட்டி சொன்னபோது எங்களுக்குச் சிரிப்பும் வந்தது, வெட்கமும் வந்தது.

இத்தோடு எங்கள் கதை முடிந்திருந்தால் இதை நாங்கள் ஆண்டு மலருக்கு எழுதியிருக்க மாட்டோம். முடியவில்லை.

கிரிவலம் முடித்து வீடு திரும்பிய மறுநாள், எங்களில் மூத்தவள் மின்சார மீட்டர் பெட்டியின் மேல் இருந்ததைப் பார்த்துத் திடுக்கிட்டு நின்றாள். அங்கே ஒரு கட்டுக் கடிதங்கள் கிடந்தன. எங்களுக்கு முன்னால் அந்த வீட்டில் குடியிருந்தவர்களுக்கு வந்தவை. தபால்காரர் கொடுக்கும்போதெல்லாம் ‘அவர்கள் இங்கில்லை’ என்று சொல்லச் சோம்பல்பட்டு, வாங்கி அங்கே போட்டு வந்திருந்தோம். எட்டு மாதங்கள்! ஓர் உறையின் முதுகில் அம்மா பால் கணக்கு எழுதியிருந்தார். இன்னொன்றின் மேல் பல்லி முட்டையிட்டிருந்தது. எங்கள் பாட்டியின் கடிதத்திற்காக நாங்கள் எவ்வளவு வருந்தினோம்! அதே நேரத்தில் யாருடைய பாட்டியோ காத்திருந்த கடிதங்கள் எங்கள் தலைக்கு மேலேயே தூசி படிந்து கிடந்தன.

வீட்டுக்காரரிடம் கேட்டோம். அவர்கள் ஆரணிக்குப் போயிருப்பதாகச் சொல்லி விலாசம் கொடுத்தார். எதையும் பிரிக்காமல், எல்லாவற்றையும் ஒரு பெரிய உறையில் இட்டு, மன்னிப்புக் கேட்டு ஒரு கடிதமும் வைத்து, விரைவு அஞ்சலில் அனுப்பினோம். நல்ல காரியம் செய்தோம் என்ற மகிழ்ச்சி ஒரு வாரம் இருந்தது.

பிறகு ஒரு கார்டு வந்தது. அந்த வீட்டு அக்கா எழுதியிருந்தார். நான்கே வரிகள். அனுப்பி வைத்ததற்கு நன்றி என்று தொடங்கியிருந்தார். அவற்றில் ஒன்று ஓர் அலுவலகத்திலிருந்து வேலைக்கு நேர்காணல் அழைப்பு. அதன் தேதி முந்திய அக்டோபரிலேயே முடிந்துவிட்டது. ‘புது விலாசத்தைப் பதிவு செய்யாதது என் தவறுதான்; நீங்கள் வருந்த வேண்டாம்’ என்று முடித்திருந்தார்.

வருந்த வேண்டாம் என்று அவர் எழுதியதால்தான் நாங்கள் மிகவும் வருந்தினோம். அவர் மீதும் தவறு உண்டு என்று மனம் சமாதானம் சொல்லிற்று. ஆனால் அந்த உறை எங்கள் கைக்கு வந்த அன்றே, ‘ஆள் வீடு மாறிவிட்டார், ஆரணிக்குப் போய்விட்டார்’ என்று தபால்காரரிடம் திருப்பிக் கொடுத்திருந்தால் அது உரிய நாளில் போய்ச் சேர்ந்திருக்கலாம். அந்த வேலை அவருக்குக் கிடைத்திருக்குமோ இல்லையோ, நமக்குத் தெரியாது. கேட்டுப் பார்க்கும் வாய்ப்பையே எங்கள் சோம்பல் எடுத்துக்கொண்டது. தூத்துக்குடிப் பாட்டிக்கு நாங்கள் கொடுத்த துயரம் ஒரு கடிதத்தால் தீர்ந்தது. இந்த அக்காவுக்கு நாங்கள் செய்தது எந்தக் கடிதத்தாலும் தீராது.

நடந்ததைச் சிஸ்டரிடம் சொல்லி அழுதோம். சிஸ்டர் வெகுநேரம் கேட்டுக்கொண்டிருந்தார். “கடிதம் அது வந்து விழுந்த வீட்டுக்குச் சொந்தமில்லை, அதில் பேர் உள்ளவருக்குத்தான் சொந்தம். பிறர் பொருளை வைத்துக்கொண்டிருந்தோம் என்று புரிந்ததல்லவா? இனிச் செய்யாதீர்கள். மற்றவர்களும் செய்யாதபடி எழுதுங்கள்” என்றார். அதனால்தான் இதை எழுதுகிறோம்.

தோழியரே, உங்களில் பலருடைய தந்தையர் மாற்றலாகும் உத்தியோகத்தில் இருக்கிறார்கள். என்றேனும் நீங்களும் வீடு மாறுவீர்கள். மாறுவதற்கு ஒரு வாரம் முன்பே பழைய அஞ்சலகத்தில் எழுதிக் கொடுங்கள். அஞ்சலகத்தோடு நின்றுவிடாமல் வங்கி, ஆதார், ரேஷன் அட்டை, காஸ் கம்பெனி, பள்ளி ஆகிய இடங்களிலும் விலாசத்தை மாற்றுங்கள். ஏனெனில் கடவுச்சீட்டு போன்றவை குறிப்பிட்ட விலாசத்தில் உரியவர் கையில் மட்டுமே கொடுக்கப்படும். ஆளில்லையெனில் அனுப்பிய இடத்துக்கே திரும்பிவிடும். பழைய வீட்டில் குடிவருபவரிடம் புது விலாசத்தையும் கைபேசி எண்ணையும் எழுதிக் கொடுங்கள். உங்கள் வீட்டில் கைபேசி இல்லாத, காது கேளாத, கடிதத்தையே நம்பியிருக்கும் பெரியவர் இருந்தால், அவருடைய சிநேகிதருக்கு முதல் கார்டைப் போடுங்கள். கடிதம் எழுதும்போது அனுப்புநர் விலாசத்தை மறவாதீர்கள். நீங்கள் குடியேறிய வீட்டுக்கு முன்னவர் பெயரில் தபால் வந்தால் அன்றே திருப்பிக் கொடுங்கள். இவற்றுக்கெல்லாம் ஆகும் நேரம் ஒரு மாலைப்பொழுது. செய்யாமல் விட்டதற்கு நாங்கள் கொடுத்த விலையை மேலே சொன்னோம்.

இப்போது எங்கள் வீட்டு மீட்டர் பெட்டியின் மேல் ஒன்றும் இல்லை. ஆரணிக்குரிய தபால் எப்போதாவது வந்தால், எங்களில் யார் வாங்கினாலும் செருப்பைக்கூடக் கழற்றாமல் தபால்காரரை ஓடிப்போய்ப் பிடித்துக் கொடுத்துவிடுகிறோம். அதில் என்ன எழுதியிருக்கும் என்று நினைப்பதுமில்லை.

2025-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்னதாகவே தூத்துக்குடிக் கடிதம் வந்துவிட்டது. உறையின் மேல் எங்கள் வெங்கிக்கால் விலாசம் பின்கோடுடன் பெரிய பெரிய எழுத்துகளில் இருந்தது. அதன் கீழே சிவப்பு மையில் கோடிட்டு, தபால்காரருக்கென்றே ஒரு வரியும் இருந்தது: “விலாசதாரர் உயிரோடு இருக்கிறார். தயவுசெய்து தேடிப் பார்த்துக் கொடுக்கவும்.”

தபால்காரர் சிரித்துக்கொண்டே அதைப் பாட்டியின் கையில் கொடுத்தார்.